கொன்றவர் கோப்பும் மாண்டவர் ஏடும்

ஒரு மக்கள் கூட்டத்தையே இல்லாமல் ஆக்குவது கும்பலின் திடீர் வெறியால் மட்டும் முடியக்கூடிய காரியம் அன்று. பெயர்ப்பட்டியல் எழுத எழுத்தரும், சொத்தைப் பறிக்கச் சட்டமும், ஆட்களை ஏற்றிச் செல்ல வண்டியும், இவை அனைத்துக்கும் செலவுக் கணக்கும் தேவைப்படுவதால், அது எங்கு நடந்தாலும் தன் பின்னே காகிதத்தை விட்டுச் செல்கிறது. இனப்படுகொலைகளின் வரலாற்றைக் கூறும் நூல்களில் பல அந்தக் காகிதத்திலிருந்தே எழுதப்பட்டவை. அதே வேளையில், அழிக்கப்பட்டவர்களும் தங்கள் கடைசி நாள்களில் எழுதினார்கள், எழுதியதை ஒளித்து வைத்தார்கள். உயிர் பிழைத்தவர்கள் சாட்சியம் சொன்னார்கள். கொன்றவரின் கோப்பு, மாண்டவரின் ஏடு என்னும் இவ்விரண்டில் எதற்கு எவ்வளவு இடம் தருவது என்ற கேள்வியே சுமார் எண்பது ஆண்டுகளாக இத்துறையின் சிறந்த நூல்களை ஒன்றோடொன்று வாதிட வைத்திருக்கிறது. அந்த வாதத்தை அறியாமல் படிப்பவருக்கு இந்நூல்கள் கொடுமைகளின் தொகுப்பாக மட்டுமே தோன்றிவிடும்.

துறையின் முதல் நூலே அரசாணைகளின் தொகுப்புதான். போலந்தைச் சேர்ந்த யூத வழக்கறிஞர் ரஃபேல் லெம்கின், 1939-இல் ஜெர்மானியப் படையெடுப்புக்குத் தப்பி லித்துவேனியா வழியாகச் சுவீடனை அடைந்தபின், ஹிட்லரின் ஆட்சி தான் கைப்பற்றிய நாடுகளில் வெளியிட்ட ஆணைகளைத் தேடிச் சேர்க்கத் தொடங்கினார். அவை திருடப்பட்ட இரகசியங்கள் அல்ல, அரசிதழ்களில் வெளிப்படையாக அச்சாகி வந்தவை. எந்த இனத்தாருக்கு எவ்வளவு உணவுப் பங்கீடு, யார் யாரை மணக்கலாம், யாருடைய கடை யார் பெயருக்கு மாறும் என்று ஒவ்வொன்றும் தனித்தனியே சாதாரண நிர்வாக அறிவிப்பைப் போலவே இருந்தது. அருகருகே வைத்துப் படித்தபோதுதான் ஒரு மக்களின் வாழ்வை வேரோடு பெயர்க்கும் திட்டம் அவற்றில் புலப்பட்டது. அமெரிக்கா சென்று 1944-இல் அவர் வெளியிட்ட ‘ஆக்கிரமிக்கப்பட்ட ஐரோப்பாவில் அச்சு நாடுகளின் ஆட்சி’ என்னும் 600 பக்கங்களுக்கும் மேற்பட்ட நூலில் பெரும்பகுதி அந்த ஆணைகளின் மொழிபெயர்ப்பே. அதன் ஒன்பதாம் அத்தியாயத்தில்தான், இன்று இனப்படுகொலை என்று தமிழில் வழங்கும் குற்றத்துக்கு அவர் ‘ஜெனோசைட்’ என்று பெயரிட்டார். போர் முடிந்தபோது, தம் உறவினரில் 49 பேர் கொல்லப்பட்டிருந்ததை அவர் அறிந்தார்.

அந்தப் பெயர் சட்டமானது 1948 டிசம்பர் 9 அன்று, ஐக்கிய நாடுகள் பொதுச்சபை இனப்படுகொலை ஒப்பந்தத்தை ஏற்றபோது. தேசிய, இன, மரபின அல்லது சமயக் குழு ஒன்றை முழுமையாகவோ பகுதியாகவோ அழிக்கும் நோக்கத்துடன் அதன் உறுப்பினரைக் கொல்லுதல், அவர்களுக்குக் கடுமையான உடல் அல்லது மனத் தீங்கு விளைவித்தல், வாழவே முடியாத நிலைமைகளை அவர்கள் மீது சுமத்துதல், பிறப்புகளைத் தடுத்தல், குழந்தைகளை வலுக்கட்டாயமாக வேறு குழுவுக்கு மாற்றுதல் ஆகியவை இனப்படுகொலை என்று அது வரையறுக்கிறது. ‘மனித குலத்துக்கு எதிரான குற்றம்’ என்பது வேறு: குடிமக்கள் மீது பரவலாக அல்லது திட்டமிட்டு நடத்தப்படும் தாக்குதலின் பகுதியாகச் செய்யப்படும் கொலை, அடிமைப்படுத்தல், நாடுகடத்தல், சித்திரவதை போன்றவற்றை அது குறிக்கும், குழுவை அழிக்கும் நோக்கத்தை நிறுவ வேண்டியதில்லை. முன்னது குழுவைக் காக்க எண்ணியது, பின்னது தனிமனிதரைக் காக்க எண்ணியது. பின்னதை 1945-இல் நூரம்பர்க் நீதிமன்றச் சாசனத்தில் இடம்பெறச் செய்ததில் பெரும்பங்கு கொண்ட ஹெர்ஷ் லாட்டர்பாக்டும் லெம்கினும், இன்று உக்ரைனில் உள்ள லிவிவ் நகரின் ஒரே சட்டக் கல்லூரியில் பயின்றவர்கள் என்ற செய்தியைச் சுற்றி பிலிப் சாண்ட்ஸ் 2016-இல் எழுதிய ‘ஈஸ்ட் வெஸ்ட் ஸ்ட்ரீட்’, சட்ட வரலாற்றைக் குடும்ப வரலாறாகவும் சொல்லும் அருமையான நூல். துறைக்குப் புதியவர் அதிலிருந்து தொடங்கலாம். ஒப்பந்தத்தின் வரையறையில் அரசியல் குழுக்கள் விடப்பட்டன. அதனால்தான் கம்போடியாவில் கெமர் ரூஜ் ஆட்சியின் தலைவர்களுக்கு 2018-இல் அளிக்கப்பட்ட இனப்படுகொலைத் தீர்ப்பு வியட்நாமியர், சாம் முஸ்லிம்கள் ஆகிய சிறுபான்மையினரைப் பற்றியதாக நின்றது. மாண்டவர்களில் மிகப் பெரும்பாலோரான கெமர் மக்களுக்கு இழைக்கப்பட்டவை மனித குலத்துக்கு எதிரான குற்றங்களாகவே எண்ணப்பட்டன.

கொன்றவரின் கோப்பை வரலாற்றுக் கலையாக உயர்த்தியவர் ரவுல் ஹில்பெர்க். 1926-இல் வியன்னாவில் பிறந்து, சிறுவனாக அமெரிக்காவுக்குத் தப்பி, அமெரிக்கப் படைவீரராக ஜெர்மனிக்குத் திரும்பிய அவர், கைப்பற்றப்பட்ட ஜெர்மானிய ஆவணக் குவியல்களில் பல ஆண்டுகள் உழைத்தார். யூதப் படுகொலையை ஆய்வுக்கு எடுத்தால் கல்வித் துறையில் எதிர்காலமே இருக்காது என்று அவருடைய கொலம்பியா பல்கலைக்கழக நெறியாளரே எச்சரித்தார். எச்சரிக்கை பொய்யாகவில்லை: முடிந்த நூலைப் பல பதிப்பகங்கள் மறுத்தன, பிரின்ஸ்டன் பல்கலைக்கழகப் பதிப்பகம் மறுத்ததற்கு அரசியல் சிந்தனையாளர் ஹன்னா ஆரண்ட் அளித்த கருத்தும் காரணம். பின்னாளில், நாஜி அதிகாரி ஐக்மனின் வழக்கு விசாரணையைப் பற்றிய தம் புகழ்பெற்ற நூலுக்கு அதே ஆரண்ட் ஹில்பெர்க்கின் நூலைப் பெரிதும் பயன்படுத்தினார் என்பதை எண்ணும்போது அந்த மறுப்பு இன்றும் உறுத்துகிறது. 1961-இல் சிகாகோவின் சிறு பதிப்பகம் ஒன்றில் ‘ஐரோப்பிய யூதர்களின் அழிப்பு’ வெளிவந்தது. ஜெர்மன் மொழியில் அது வர 1982 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்நூல் காட்டிய வழிமுறை எளியது, ஆனால் அதற்கு முன் எவரும் அவ்வளவு விரிவாகக் காட்டாதது. யார் யூதர் என்று வரையறுத்தல், அவர்தம் உடைமைகளைப் பறித்தல், ஓரிடத்தில் குவித்தல், கொல்லுதல் என்று அழிப்பு படிப்படியாக நடந்தது. ஒவ்வொரு படியும் அடுத்த படிக்கான நிர்வாக வசதியை உண்டாக்கியது. இதற்கெனத் தனி அமைச்சகம் தேவைப்படவில்லை. நிதித்துறை, உள்துறை, இரயில்வே என்று ஏற்கெனவே இருந்த ஒவ்வோர் அலுவலகமும் தன் வழக்கமான வேலையைச் செய்தது. ஜெர்மானிய இரயில்வே கொலைமுகாம்களுக்கு ஆட்களை ஏற்றிச் சென்றதற்குக் கிலோமீட்டர் கணக்கில் மூன்றாம் வகுப்புக் கட்டணம் வசூலித்தது. பத்து வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கு அரைக் கட்டணம், நான்கு வயதுக்குட்பட்டோருக்கு இலவசம், 400 பேருக்கு மேல் சென்றால் குழுச் சலுகை, காவலர்களுக்கு மட்டும் திரும்பி வரும் பயணச்சீட்டு. கட்டணப் பட்டியலைப் போட்டவர்கள் எவரையும் அடிக்கவில்லை, சுடவில்லை. அவர்களுடைய கணக்குத் தாளை வாசகர் முன் வைத்ததே ஹில்பெர்க்கின் பெரும்பணி.

எனினும் கோப்பு ஒன்றை மட்டும் நம்பியதால் அந்நூலில் யூதர்கள் பெரும்பாலும் எண்ணிக்கையாகவே வருகிறார்கள். அவர்கள் எதிர்ப்பின்றிப் பணிந்தார்கள் என்று அவர் எழுதியது கடும் கண்டனத்துக்கு உள்ளாயிற்று. கண்டனம் நியாயமானது, ஏனெனில் அவர்களும் எழுதிக்கொண்டுதான் இருந்தார்கள். 1940 நவம்பரில் வார்சா நகரின் யூதர்கள் மதில் எழுப்பிய கெட்டோ என்னும் ஒதுக்கிடத்துக்குள் அடைக்கப்பட்டபோது, இம்மானுவேல் ரிங்கெல்ப்ளூம் என்ற வரலாற்றாசிரியர் அங்கேயே ஓர் இரகசிய ஆவணக் குழுவை அமைத்தார். சனிக்கிழமைகளில் கூடியதால் ‘ஓய்னெக் ஷாபெஸ்’, அதாவது ஓய்வுநாள் மகிழ்ச்சி, என்று பெயர் கொண்ட அக்குழுவினர், நாட்குறிப்புகள், பள்ளிக் கட்டுரைகள், பங்கீட்டு அட்டைகள், சுவரொட்டிகள், மிட்டாய் உறைகள், டிராம் சீட்டுகள் என எதையும் அற்பம் என்று ஒதுக்காமல் சேர்த்தார்கள். பட்டினி கிடந்தவர்களே பட்டினியைப் பற்றிக் கேள்வித்தாள் தயாரித்து ஆய்வு செய்தார்கள். தங்களைப் பற்றிய வரலாறு பகைவரின் ஆவணங்களிலிருந்து மட்டும் எழுதப்பட்டுவிடக் கூடாது என்ற தெளிவான நோக்கம் அவர்களுக்கு இருந்தது. 1942 கோடையில் ட்ரெப்ளிங்கா முகாமுக்கு மக்கள் கூட்டங்கூட்டமாகக் கொண்டுசெல்லப்பட்டபோது, பத்து உலோகப் பெட்டிகளில் முதல் தொகுதியை ஒரு பள்ளிக் கட்டடத்தின் அடித்தளத்தில் புதைத்தார்கள்; 1943 தொடக்கத்தில் இரண்டு பால் கேன்களில் இரண்டாம் தொகுதியையும் புதைத்தார்கள். 1944 மார்ச்சில் ரிங்கெல்ப்ளூம் மனைவியுடனும் மகனுடனும் ஒளிந்திருந்த இடம் கண்டுபிடிக்கப்பட்டு மூவரும் கொல்லப்பட்டார்கள். குழுவில் உயிர் பிழைத்த மிகச் சிலருள் ஒருவரான ஹெர்ஷ் வாசர் புதைத்த இடத்தை அறிந்திருந்ததால் 1946-இல் பெட்டிகளும், 1950-இல் பால் கேன்களும் கிடைத்தன. சுமார் 35,000 பக்கங்கள் கொண்ட இந்த ஆவணத் தொகுதியின் கதையைச் சாமுவேல் காசோ 2007-இல் நூலாக எழுதினார். கெட்டோவின் மக்கள் அதில் சமையற்கூடம் நடத்துகிறார்கள், சண்டையிடுகிறார்கள், ஒருவரையொருவர் குறை கூறுகிறார்கள். இறப்பதற்கு முன் அவர்கள் வாழ்ந்தார்கள் என்பது முதன்முறையாக முழுமையாகப் புலனாகிறது.

இவ்விரு வகை ஏடுகளையும் ஒரே நூலில் பின்னியவர் சால் ஃப்ரீட்லாண்டர். பெற்றோரை ஆஷ்விட்ஸில் இழந்து, பிரான்சின் கத்தோலிக்க விடுதி ஒன்றில் மறைந்து பிழைத்த அவர், ‘நாஜி ஜெர்மனியும் யூதர்களும்’ என்ற இரு தொகுதிகளில், பெர்லினின் முடிவை ஒரு பத்தியிலும் அம்முடிவு தன்னை நோக்கி வருவதை அறியாத ஒருவரின் நாட்குறிப்பை அடுத்த பத்தியிலும் வைக்கிறார். அந்த நாட்குறிப்புகள் ஒவ்வொன்றாக நின்றுபோவதை விட வலுவான வாதத்தை எந்தப் புள்ளிவிவரமும் செய்துவிட முடியாது. கிறிஸ்டோஃபர் பிரவுனிங் 1992-இல் எழுதிய ‘சாதாரண மனிதர்கள்’ மூன்றாம் வகைச் சான்றைக் கொண்டது: ஹாம்பர்க் நகரின் நடுத்தர வயதுக் காவலர்கள் இருபது ஆண்டுகளுக்குப் பின் விசாரணையில் அளித்த வாக்குமூலம். 1942 ஜூலை 13 அன்று போலந்தின் யூசெஃபூவ் கிராமத்தில் ஏறத்தாழ 1,500 யூதர்களைச் சுடுவதற்கு முன், விருப்பமில்லாதவர் விலகலாம் என்று தளபதி சொன்னபோது, 500 பேர் அளவிலான அந்தப் படைப்பிரிவில் ஏறத்தாழ ஒரு டஜன் பேரே உடனே விலக முன்வந்தார்கள்.

எழுத்தும் கோப்பும் குறைந்த ஆப்பிரிக்காவில் கொலை வெறும் இனக்குழு ஆவேசம் என்று நம்பியவர்களுக்கு அலிசன் தெ ஃபோர்ஜ் 1999-இல் ருவாண்டாவைப் பற்றி எழுதிய ‘கதை சொல்ல ஒருவரையும் விட்டுவைக்காதே’ என்னும் பெருநூல் தக்க மறுமொழி. 1994 ஏப்ரலில் தொடங்கிச் சுமார் நூறு நாள்களில் துத்சி மக்களில் குறைந்தது ஐந்து லட்சம் பேர் கொல்லப்பட்டதாக அவர் கணக்கிட்டார்; எட்டு லட்சம் என்பது பரவலாக வழங்கும் மதிப்பீடு. உள்ளூர் அலுவலகங்களில் கைவிடப்பட்ட கடிதங்களையும் கூட்டக் குறிப்புகளையும் படித்து, கொலையை ‘வேலை’ என்று அழைத்த அதிகாரிகள் அதற்கு ஆள் அனுப்பியதையும், வராதவர்களைக் கண்டித்ததையும் அவர் நிறுவினார். புத்தாரே மாகாணத்தில் ஆளுநர் எதிர்த்து நின்றவரை சுமார் இரண்டு வாரங்கள் பெருங்கொலை தொடங்கவில்லை; அவர் நீக்கப்பட்டு, இடைக்கால அதிபர் அங்கு வந்து பேசிய பிறகே தொடங்கியது. தடுத்திருக்க முடியும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

காகிதத்தையே எரித்துவிட்டால் என்ன செய்வது? பெல்ஜிய மன்னர் இரண்டாம் லியோபோல்ட், தம் சொந்த உடைமையாக வைத்திருந்த காங்கோவை 1908-இல் அரசிடம் ஒப்படைக்குமுன், அதன் ஆவணங்களை எட்டு நாள்கள் உலைகளில் எரிக்கச் செய்தார். ஆயினும் கப்பல் நிறுவன எழுத்தரான எட்மண்ட் மோரல், ஆண்ட்வெர்ப் துறைமுகத்தில் ரப்பரும் தந்தமும் வந்து இறங்குவதையும், பதிலுக்குப் பெரும்பாலும் துப்பாக்கியும் தோட்டாவுமே ஏற்றப்படுவதையும் கண்டு, விலை கொடுக்காமல் பெறும் சரக்கு கட்டாய உழைப்பின் விளைவாகவே இருக்க முடியும் என்று முன்னரே ஊகித்திருந்தார். ஆடம் ஹோக்‌ஷில்ட் 1998-இல் எழுதிய ‘மன்னர் லியோபோல்டின் ஆவி’ இவற்றை விரிவாகச் சொல்கிறது. மன்னரே அமைத்த விசாரணை ஆணையத்தின் முன் 1904-05-இல் 300-க்கும் மேற்பட்டோர் சாட்சியம் அளித்தார்கள். லொந்துலு என்ற ஊர்த்தலைவர், கொல்லப்பட்ட தம் மக்களுக்காக 110 குச்சிகளைக் கொண்டுவந்து, தலைமக்கள், ஆண்கள், பெண்கள், குழந்தைகள் என்று நான்கு குவியலாக மேசையில் வைத்து, குச்சிக்கு ஒரு பெயராகச் சொன்னார். ஆணையத்தின் அறிக்கை அச்சானது. காங்கோ மக்கள் தம் வாயால் சொன்ன அந்தச் சாட்சியங்கள் மட்டும் பிரஸ்ஸல்ஸ் ஆவணக் காப்பகத்தில் 1980-கள் வரை ஆய்வாளர்களுக்கு மூடப்பட்டே இருந்தன. பெல்ஜிய வெளியுறவுத் துறையின் தூதரான ழூல் மார்ஷலுக்கும் அவற்றைப் பார்க்க அனுமதி மறுக்கப்பட்டது. அதன் பின்னரும் தேடலைக் கைவிடாமல் அவர் எழுதிய காங்கோ வரலாற்றுத் தொகுதிகளின் மீதே ஹோக்‌ஷில்டின் நூல் பெரிதும் நிற்கிறது.