கிரிவலப் பாதையில் ஓர் ‘ஏழாம் உலகம்’: ‘தாங்கல’ என்று சொன்ன பிறகு என்ன?

“சில்லறை எடுத்துக்கிட்டியா?”

பௌர்ணமி இரவில் திருவண்ணாமலை ராஜகோபுரத்துக்கு முன்னால் கற்பூரம் ஏற்றிவிட்டுக் கிளம்பும் குடும்பத்தில் யாராவது ஒருவர் இதைக் கேட்டுவிடுவார். 14 கிலோமீட்டர் கிரிவலம். வழியில் எட்டு லிங்கங்கள். அவற்றுக்கு நடுவே, பாதையோரம் நீளும் கைகள். காவி கட்டியவர்கள், கால் இல்லாதவர்கள், பார்வை இல்லாதவர்கள், உட்காரவும் முடியாமல் துணிமேல் கிடப்பவர்கள். “இந்தா, நீ போடு” என்று குழந்தையின் கையில் நாணயத்தைக் கொடுத்துப் போடவைப்பார்கள். போட்டதும் நடை தொடரும். தட்டைப் பார்த்த கண் முகத்தைப் பார்த்திருக்காது.

உட்காரவே முடியாத ஒருவர் அந்த இடத்துக்கு எப்படி வந்து சேர்ந்தார்? விடிந்ததும் யார் தூக்கிப்போவார்கள்? இப்படி யோசித்துக்கொண்டே நடந்தால் கிரிவலம் முடியாது. அதனால் யாரும் யோசிப்பதில்லை.

யோசித்து எழுதப்பட்ட நாவல் ஒன்று இருக்கிறது. ஜெயமோகனின் ‘ஏழாம் உலகம்’. வெளிவந்த ஆண்டு 2003. கதை நடப்பது பழனியிலும் குமரி மாவட்டப் பக்கத்திலும்தான். ஆனால், கிரிவலம் சுற்றிப் பழகிய ஒருவர் அதைப் படித்தால் ஊர் வேறு என்பதே சீக்கிரம் மறந்துபோகும். இந்த நாவலை அடிப்படையாக வைத்து, பாலா இயக்கத்தில் 2009 பிப்ரவரியில் வந்த படம் ‘நான் கடவுள்’. வசனம் எழுதியவரும் ஜெயமோகனே. பாலாவுக்குச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதைக் கொடுத்த படம்.

இரண்டைப் பற்றியும் வீடுகளில் சொல்லப்படும் விமர்சனம் பெரும்பாலும் ஒரே சொல்தான்: “தாங்கல.”

நேர்மையான சொல், அதில் குறை ஒன்றும் இல்லை. கூடவே இன்னொரு கூட்டம், “துணிச்சலான படைப்பு, தமிழுக்குப் பெருமை” என்று ஒரு வரி பதிவு போட்டுவிட்டு நகர்ந்துவிடும். அந்தப் பாராட்டைவிட இந்தத் ‘தாங்கல’ எவ்வளவோ மேல். ஆனால், எது தாங்கவில்லை என்று அடுத்த கேள்வியைக் கேட்டால்தான் பேச்சே ஆரம்பிக்கும்.

யார் அந்தப் பண்டாரம்?

நாவலின் மையத்தில் இருப்பவர் போத்திவேலு பண்டாரம். உடல் குறைபாடு உள்ள மனிதர்களை வைத்துப் பிச்சை எடுக்கவிட்டுச் சம்பாதிப்பவர். வாங்குவார், விற்பார், ஊர் ஊராகத் திருவிழாவுக்குக் கொண்டுபோவார். அந்தத் தொழிலில் அவர்களுக்குப் பெயர் ‘உருப்படி’. மாட்டுச் சந்தையில் பேசுவதுபோல் விலை பேசுகிறார்கள்.

இவ்வளவுதான் என்றால் அது ஒரு கொடூரனின் கதையாகப் போயிருக்கும். ஆனால், பண்டாரம் வீட்டுக்குப் போனால் பாசமான அப்பா. பக்திமான். பெண்களுக்குக் கல்யாணம் ஆகவேண்டுமே என்ற கவலையில் தூக்கம் வராதவர். நகைக்கு என்ன செய்வது, மாப்பிள்ளை வீட்டார் என்ன கேட்பார்கள் என்று அவர் கணக்குப் போடும்போது படிப்பவரும் சேர்ந்து கணக்குப் போட ஆரம்பித்துவிடுவார். பெண்ணைப் பெற்ற எந்த வீட்டுக்கும் தெரிந்த கவலைதானே அது! ‘பாவம், எப்படியாவது கல்யாணம் நல்லபடியாக முடியட்டும்’ என்று மனம் நினைக்கும். அந்தப் பணம் யாரை விற்று வருகிறது என்பது சில பக்கம் கழித்துத்தான் உறைக்கும். ‘தாங்கல’ என்று பலர் புத்தகத்தை மூடிவைக்கும் இடம் அநேகமாக இதுவாகத்தான் இருக்கும். அங்கே ரத்தம் எதுவும் இல்லை. மூடவைப்பது, நாம் யார் பக்கம் நின்றுகொண்டிருந்தோம் என்று தெரியவருவதுதான்.

‘உருப்படி’ என்று அழைக்கப்படுபவர்களும் அழுதுகொண்டே இருப்பவர்கள் இல்லை. ஒருவரை ஒருவர் கிண்டலடிக்கிறார்கள், சண்டை போடுகிறார்கள், முதலாளி வீட்டுக் கதையைப் பேசிச் சிரிக்கிறார்கள். பிறக்கும் பிள்ளைகளை விற்பதற்காகவே மீண்டும் மீண்டும் பெற்றெடுக்க வைக்கப்படும் முத்தம்மை ஒருத்தி போதும், நாவல் முழுக்க மனதைவிட்டு இறங்கமாட்டாள். நம்முடைய இரக்கத்துக்கு அந்த மனிதர்கள் காத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கவில்லை என்பதுதான் நாவலின் பெரிய பலம்.

ஒரு சிரமத்தையும் சொல்லிவிட வேண்டும். பேச்சு முழுக்க குமரி வட்டார வழக்கு. திருவண்ணாமலைக்காரருக்கு முதல் சில பக்கங்கள் மலையாளப் படம் பார்ப்பதுபோலத்தான் இருக்கும். வாய்விட்டுப் படித்துப் பார்த்தால் மூன்றாவது அத்தியாயத்துக்குள் காது பழகிவிடும். இந்த வழக்கை எப்படி மொழிபெயர்ப்பது என்று யோசிப்பவர்களுக்கு, சுசித்ரா ராமச்சந்திரனின் ஆங்கில மொழிபெயர்ப்பு 2023-ல் ‘தி அபிஸ்’ என்ற பெயரில் வந்திருக்கிறது.

படம் எங்கே விலகியது?

‘நான் கடவுள்’ படத்தில் பண்டாரம் இல்லை. அவர் இடத்தில் தாண்டவன் என்ற வில்லன் வருகிறான். ராஜேந்திரன் அந்த வேடத்தில் மிரட்டினார். இப்போது நகைச்சுவை நடிகராக மட்டுமே அவரைத் தெரிந்த பிள்ளைகள், அந்தப் படத்தைப் பார்த்தால் நம்பமாட்டார்கள்.

ஆனால், விலகல் அங்கேதான். தாண்டவனுக்குக் கல்யாணக் கவலை கிடையாது. அவனைப் பார்த்ததுமே வெறுக்கலாம். ஆர்யா நடித்த ருத்ரன் அவனை முடிக்கும்போது தியேட்டரில் கைதட்டலாம், தட்டிவிட்டு நிம்மதியாக வீட்டுக்கும் வரலாம். நாவலில் கைதட்ட ஓர் இடம்கூட இல்லை. கொடுமைக்குக் காரணம் எங்கோ மலைக்கோயிலுக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு பேய் என்கிறது படம். அடுத்த தெருவில் இருக்கும், பெண்ணுக்கு வரன் பார்த்துக்கொண்டிருக்கும் மனிதர் என்கிறது நாவல். இந்த ஒரு விஷயத்தில் படம் பார்வையாளரைத் தப்பிக்கவிட்டுவிட்டது என்றே சொல்ல வேண்டும்.

அதைவிடச் சிக்கலானது முடிவு. பார்வையற்ற பாடகியான அம்சவல்லி (பூஜா) சிதைக்கப்பட்டு, இனி வேண்டாம் என்று ருத்ரனிடம் மன்றாடுகிறாள். அவன் அவள் உயிரை எடுக்கிறான். படம் அதை விடுதலை என்கிறது. மாற்றுத்திறனாளி ஒருவர் அரங்கில் உட்கார்ந்து அந்தக் காட்சியைப் பார்த்தால் என்ன நினைப்பார்? உடல் குறையோடு, துன்பத்தோடு வாழ்பவருக்குச் சாவுதான் தீர்வா? தத்துவம் என்ற பெயரில் ஒரு படம் அப்படிச் சொன்னால், ‘காசியும் அகோரியும் எனக்குப் புரியாது’ என்று பார்வையாளர் ஒதுங்கிப்போகத் தேவையில்லை. ‘எனக்கு இது சரியாகப்படவில்லை, காரணம் இது’ என்று சொல்ல அவருக்கு எல்லா உரிமையும் இருக்கிறது. நாவலின் முத்தம்மையை அருகில் வைத்துப் பார்த்தால் அந்தக் காரணம் இன்னும் பலமாகிறது.

அதற்காகப் படத்தைத் தள்ளிவிடவும் முடியாது. புத்தகத்தால் செய்ய முடியாத ஒன்றை அது செய்தது. உண்மையிலேயே உடல் குறைபாடு உள்ள பலரை நடிக்கவைத்து, அவர்கள் முகங்களைத் திரையின் முழு அகலத்துக்கும் நிறுத்தியது. கிரிவலப் பாதையில் அரை விநாடிகூடப் பார்க்காத முகத்தை இரண்டரை மணி நேரம் பார்க்கவைத்தது. காவல் நிலையத்தில் அவர்கள் சினிமா நட்சத்திரங்களைப் போல நடித்துக்காட்டும் காட்சிக்கு அரங்கம் விழுந்து விழுந்து சிரித்தது. அவர்களோடு சேர்ந்து சிரித்தோமா, அவர்களைப் பார்த்துச் சிரித்தோமா? இரண்டும்தான் என்பது உண்மைக்குப் பக்கத்தில் இருக்கும் பதில்.

ரமணருக்கு ஒரு பாட்டு

இந்தப் படத்துக்கும் திருவண்ணாமலைக்கும் நேரான ஓர் இணைப்பு உண்டு. ‘பிச்சைப் பாத்திரம்’ பாடல். இளையராஜா எழுதி இசையமைத்த ‘ரமண மாலை’ தொகுப்பில் இடம்பெற்ற பாட்டு அது. பிறகுதான் படத்துக்குள் வந்தது. படம் பார்க்காமல் பக்திப் பாடலாகவே கேட்டுக்கொண்டிருப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

பக்திப் பாடலில் பிச்சைப் பாத்திரம் ஓர் உருவகம். பாடுகிறவர் இறைவனிடம் கையேந்துகிறார். அதே மெட்டு திரையில் ஒலிக்கும்போது, நிஜமாகவே தட்டேந்தி உட்கார்ந்திருப்பவர்கள் தெரிகிறார்கள். உருவகம் அலுமினியத் தட்டாகிவிடுகிறது. மெய்யாகவே பசிக்கிறவருக்கு முன்னால் இந்த உருவகத்தை எப்படிப் பாடுவது என்ற கூச்சம் கேட்பவருக்கு வரும். படத்தின் ஆகச் சிறந்த விமர்சனப் பார்வை வசனங்களில் இல்லை, இந்தப் பாட்டைத் தூக்கி அந்த இடத்தில் வைத்ததில் இருக்கிறது.

1896 செப்டம்பர் 1-ம் தேதி இந்த ஊருக்கு வந்து சேர்ந்த 16 வயது ரமணரும் ஆரம்ப காலத்தில் இதே வீதிகளில் பிச்சை ஏற்றுச் சாப்பிட்டவர்தான். ஓடு வைத்திருந்த பத்திரகிரியாரைப் பட்டினத்தார் ‘சம்சாரி’ என்று சொன்ன கதை தமிழ்நாட்டில் எல்லோருக்கும் தெரியும். சிவனே கையில் கபாலம் ஏந்திப் பிச்சைக்குப் போனவர்தான். திருவெண்காட்டில் கிடைத்த 11-ம் நூற்றாண்டுப் பிட்சாடனர் செப்புத் திருமேனி இப்போது தஞ்சாவூர்க் கலைக்கூடத்தில் நிற்கிறது. உடம்பில் பாம்பைத் தவிரத் துணி இல்லை. அதைப் பார்த்து முகம் சுளிப்பவர் யாரும் இல்லை, அழகாக இருக்கிறது என்பார்கள். பிச்சை எடுக்கும் உடல் அழகாக இருந்தால் கண் நிற்கிறது, கோணலாக இருந்தால் விலகுகிறது.

‘என் பேரனே இதைவிட நல்லா வரைவான்!’

கோணல் என்றதும் நினைவுக்கு வருபவர் ஓவியர் ஏ.பி.சந்தானராஜ். 1932-ல் பிறந்தவர், சொந்த ஊர் திருவண்ணாமலை. சென்னை ஓவியக் கல்லூரியில் படித்து, அங்கேயே ஆசிரியராகி, முதல்வராகவும் இருந்தவர். அவருடைய மனித உருவங்களில் கை எதிர்பாராத நீளத்துக்குப் போகும், முகம் வளையும், கோடு உடலின் எல்லையைத் தாண்டி ஓடும். முதன்முறை பார்ப்பவர் சொல்லும் வாசகம்தான் இந்தப் பகுதிக்குத் தலைப்பு.

உடற்கூறு தெரியாமல் அப்படி வரைந்தவர் இல்லை அவர். அதையெல்லாம் மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர். தெரிந்தே வளைத்தார் என்றால், ஏன் வளைத்தார் என்று கேட்க வேண்டும். அவர் படத்துக்கு முன்னால் நிற்கும்போது, ஒரு கோட்டை மட்டும் பிடித்துக்கொண்டு, காற்றில் விரலால் அதே வேகத்தில் இழுத்துப் பார்க்கலாம். எங்கே தயங்குகிறது, எங்கே பாய்கிறது என்பது விரலுக்குத் தெரிந்துவிடும்.

இதற்கு மறுகரையில் இருப்பவை, 2021-ல் கொரோனாவில் மறைந்த ஓவியர் இளையராஜாவின் படங்கள். பழைய வீட்டு ஜன்னல் வெளிச்சத்தில் நிற்கும் கறுத்த பெண்கள் எத்தனையோ செல்போன்களில் முகப்புப் படமாக இருந்தார்கள். அவருக்குக் கிடைத்த பாராட்டு “போட்டோ மாதிரியே இருக்கு!” பாராட்டுதான், ஆனால் அரைகுறைப் பாராட்டு. அந்தப் பெண்களில் பலர் களைத்துப்போயிருக்கிறார்கள். அதை எத்தனை பேர் கவனித்தார்கள்?

வார இதழ் வாசகர்களுக்குக் கோணல் கோடு புதிதும் இல்லை. ஜூனியர் விகடனில் கி.ராஜநாராயணனின் ‘கரிசல் காட்டுக் கடுதாசி’ வந்தபோது கூடவே வந்தவை ஆதிமூலத்தின் கோட்டோவியங்கள். மாருதி, ஜெயராஜ் வரைந்த அழகு முகங்களுக்குப் பழகிய கண்கள் அந்தக் கோடுகளுக்கும் பழகின. யாரும் வகுப்பு எடுக்கவில்லை, வாரா வாரம் பார்த்ததில் பழகியது.

முற்றத்துப் பேச்சு

திருவண்ணாமலைக்கு இன்னொரு கொடுப்பினை. பேச ஆள் இருக்கும் ஊர் இது. தமுஎகசவின் கலை இலக்கிய இரவுகளை விடிய விடிய உட்கார்ந்து பார்த்த தலைமுறை இங்கே உண்டு. எழுத்தாளர் பவா செல்லதுரையும் மொழிபெயர்ப்பாளர் கே.வி.ஷைலஜாவும் நடத்தும் வம்சி பதிப்பகம்தான் ஜெயமோகனின் ‘அறம்’ தொகுப்பை 2011-ல் கொண்டுவந்தது. மற்ற எழுத்தாளர்களின் கதைகளை பவா வாயால் சொல்லிக் கேட்கவும் கூட்டம் வருகிறது. யூடியூபில் கேட்பவர்கள் அதைவிட அதிகம். ‘கதையைச் சொல்லிவிட்டால் யார் புத்தகத்தைப் படிப்பார்கள்?’ என்று இலக்கிய வட்டத்தில் முணுமுணுப்பும் உண்டு. நியாயமான கவலைதான். கதை சொல்பவர் அவருக்குப் பிடித்த இடத்தில் நிறுத்துவார், பிடிக்காத இடத்தைத் தாண்டுவார். பண்டாரத்தின் வீட்டுக் கணக்கை வாயால் சொன்னால் அது ஒரு நிமிடத்தில் முடிந்துபோகும். பக்கம் பக்கமாகப் படித்தால்தான் மாட்டிக்கொள்ள முடியும்.

பேசாமல் போனால் என்ன ஆகும் என்பதற்குத் திருச்செங்கோடு உதாரணம். பெருமாள்முருகனின் ‘மாதொருபாகன்’ நாவலிலிருந்து சில பக்கங்கள் மட்டும் நகலெடுக்கப்பட்டுக் கை மாறின. முழு நாவலைப் படிக்காத கோபம் ஊரையே பிடித்துக்கொண்டது. 2015 ஜனவரியில், எழுத்தையே விட்டுவிடுவதாக அவர் அறிவிக்கும் நிலை வந்தது. 2016 ஜூலை 5-ம் தேதி சென்னை உயர் நீதிமன்றம் நாவலின் பக்கம் நின்றது. பிடிக்காவிட்டால் படிக்காமல் இருந்துகொள்ளலாமே என்பது தீர்ப்பின் சாரங்களில் ஒன்று. சட்டத்துக்கு அந்தப் பதில் போதும். ஆனால், படித்துவிட்டு உறுத்தலோடு இருப்பவருக்கு அது பதில் இல்லை. அவருக்குத் தேவை, எதிரில் உட்கார்ந்து ‘எனக்கு அப்படித் தோணலையே’ என்று சொல்ல ஓர் ஆள்.

வீட்டிலேயே அந்த ஆள் கிடைக்கலாம். ‘நான் கடவுள்’ சின்னப் பிள்ளைகளோடு பார்க்கக்கூடிய படம் இல்லை, அதை மட்டும் கவனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். 2009-ல் தியேட்டரில் பார்த்தவர்களுக்குக் கண்ணை மூடிக்கொள்வதைத் தவிர வழியில்லை. இப்போது செல்போனில் இரண்டு தட்டுத் தட்டினால் பத்து விநாடி ஓடிவிடும். அப்பா எந்த இடத்தில் தட்டினார், கல்லூரியில் படிக்கும் மகள் எந்த இடத்தில் தட்டினாள் என்று சாப்பாட்டு நேரத்தில் கேட்டுப் பார்க்கலாம். இரண்டும் ஒரே இடமாக இருக்காது.