சிரிக்க வைக்கும் கடைசிச் சொல்

சாரல் காலத்தில் சுரண்டையிலிருந்து தென்காசிக்குப் போகும் பஸ்ஸில் ஏறிப் பாருங்கள். யாராவது ஒருவர் இந்தக் கேள்வியைக் கேட்டே தீருவார்.

"குத்தாலத்துல தண்ணி எப்படில விழுது?"

"மேல இருந்து கீழதாம்ல!"

சிரிப்பு வருகிறதல்லவா? ஏன் வருகிறது? 'எப்படி' என்றதும் "நிறையவா, குறைவாகவா?" என்ற பொருளை உங்கள் மூளை எடுத்துக்கொண்டு முன்னால் ஓடிவிடுகிறது. பதிலோ அதே சொல்லின் இன்னொரு பொருளில் வந்து நிற்கிறது. எதிர்பார்ப்பு சட்டென்று ஒன்றுமில்லாமல் போவதே சிரிப்பு என்று ஜெர்மன் தத்துவ அறிஞர் காண்ட் 1790இலேயே எழுதினார். ஆனால் ஏமாற்றம் மட்டும் போதாது. வந்த பதிலும் ஒரு வகையில் சரியாக இருக்க வேண்டும். தண்ணீர் கீழேதானே விழுகிறது!

இப்போது இதையே கெடுத்துச் சொல்லிப் பாருங்கள். "மேல இருந்து கீழதான் விழுதுன்னு ஒருத்தன் சொன்னானாம், தண்ணி எப்படி விழுதுன்னு கேட்டதுக்கு." யாரும் சிரிக்கமாட்டார்கள். திருப்பம் தரும் சொல் முன்னால் வந்துவிட்டது, எதிர்பார்க்க ஒன்றுமில்லை.

கோயில் கொடைகளில் வில்லுப்பாட்டு கேட்டிருப்பீர்கள். முதன்மைப் பாடகர் ஒரு வரி சொல்லி நிறுத்துவார். எதிரே இருப்பவர் "ஆமா" என்பார், அல்லது ஒன்றும் தெரியாதவர்போல் குறுக்குக் கேள்வி கேட்பார். அந்தக் கேள்வி நம் எதிர்பார்ப்பை இன்னும் கொஞ்சம் இழுத்துக் கட்டுகிறது. வில்லின் நாணை இழுப்பதுபோல என்றே சொல்லலாம். நெல்லைச் சீமையில் பிறந்து வில்லிசையில் புகழ்பெற்ற சுப்பு ஆறுமுகம் (1928–2022), கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனுக்கு நகைச்சுவைப் பகுதிகள் எழுதியவர். இரண்டு தொழிலுக்கும் தேவை ஒன்றுதான்: எங்கே நிறுத்துவது என்ற கணக்கு.

அமெரிக்க ஆய்வாளர் ராபர்ட் புரோவின் வேறொன்றைக் கவனித்தார். மனிதர் தனியே இருக்கும்போது சிரிப்பதைவிடப் பிறருடன் இருக்கும்போது ஏறத்தாழ 30 மடங்கு அதிகமாகச் சிரிக்கிறார்கள். ஆகவே வகுப்பு முழுதும் சிரித்தால், உங்கள் துணுக்கு உயர்ந்தது என்று உடனே முடிவு கட்டிவிடாதீர்கள். ஒருவர் சிரிப்பு மற்றவரைத் தொற்றிக்கொள்ளும்.

இதை நான் கசப்பாகவே கற்றேன். ஒன்பதாம் வகுப்பில், திக்கிப் பேசும் நண்பன் ஒருவனைப்போல் பேசிக் காட்டினேன். எல்லோரும் சிரித்தார்கள், அவனும் சிரித்தான். அதன்பின் அந்த ஆண்டு முழுவதும் ஆசிரியர் கேள்வி கேட்டபோது அவன் கை தூக்கவே இல்லை. என் 'நகைச்சுவை'யில் திருப்பமும் இல்லை, இரண்டாம் பொருளும் இல்லை. இருந்தது அவன் மட்டுமே. கலைவாணரோ 'நல்லதம்பி' (1949) படத்துக் கிந்தனார் காலட்சேபத்தில், படிப்பு மறுக்கப்பட்ட ஒரு பையனைக் கதாநாயகனாக்கிச் சிரிக்க வைத்தார். அங்கே கேலிக்குள்ளானது அவனைத் தடுத்த அறியாமை.

இன்று மாலை ஒரு சோதனை செய்யுங்கள். அருவித் துணுக்கை ஐந்து பேரிடம் சரியாகவும், வேறு ஐந்து பேரிடம் தலைகீழாகவும் தனித்தனியே சொல்லி, சிரித்தவர்களைக் குறித்துக்கொள்ளுங்கள். சொல்லும்போது நீங்கள் முந்திச் சிரிக்கக் கூடாது. ஒரே ஆளிடம் இரண்டு முறையும் சொல்லக் கூடாது. தண்ணீர் எப்படி விழும் என்று அவருக்கு அதற்குள் தெரிந்திருக்கும்!