கொள்ளைநோயும் ஆயிரம் பொற்கொல்லர்களும்

கொள்ளைநோய் பரவிய இடைக்கால ஐரோப்பாவைக் களமாகக் கொண்ட திகில் கதைகளுக்கு ஆங்கிலத்தில் பெரிய வாசகர் கூட்டம் உண்டு. கிறிஸ்டோபர் ப்யூல்மன் 2012இல் வெளியிட்ட ‘பிட்வீன் டூ ஃபயர்ஸ்’ நாவல் 1348ஆம் ஆண்டுப் பிரான்சில் நடக்கிறது. நெறிகெட்ட போர்வீரன் ஒருவனும் அநாதைச் சிறுமி ஒருத்தியும் பிணங்கள் கிடக்கும் ஊர்கள் வழியே போகிறார்கள். தேவதூதர்களும் பிசாசுகளும் மோதும் போர் அவர்கள் கண்முன்னே மண்ணில் இறங்குகிறது. இந்த வகைக் கதையைத் தமிழில் எழுத நினைப்பவரின் மனம் முதலில் கல் மடாலயத்தையும் பறவை அலகு வைத்த மருத்துவர் முகமூடியையும்தான் தேடும். அந்த முகமூடியே 17ஆம் நூற்றாண்டில்தான் வந்தது. 1348இல் அதை யாரும் பார்த்திருக்க முடியாது. இரவல் பொருளில் இப்படித்தான் பிழை சேரும். நம்மிடம் சரக்கு இல்லாவிட்டால் இரவல் வாங்குவதில் தவறில்லை. ஆனால் கொள்ளைநோய், கொலை, தெய்வம் மூன்றையும் ஒரே முடிச்சில் கட்டிய கதை சிலப்பதிகாரத்திலேயே இருக்கிறது. அதன் ஒரு முனை தேனி மாவட்டத்துக் கம்பம் பள்ளத்தாக்கில் கிடக்கிறது.

மதுரையை எரித்த கண்ணகி வைகைக் கரையோடு மேற்கே நடந்து மலையேறினாள், வேங்கை மர நிழலில் நின்றாள், பதினான்காம் நாள் கோவலனோடு வானுலகு போனாள், அதைக் கண்ட குன்றக் குறவர்கள் சேரனிடம் சொன்னார்கள் என்பது காப்பியம் சொல்லும் கதை. கூடலூருக்கு மேலே, கேரள எல்லையில், சுமார் 1,300 மீட்டர் உயரத்தில் இருக்கும் மங்கலதேவி கண்ணகி கோயில்தான் அந்த இடம் என்று பள்ளத்தாக்கு மக்கள் நம்புகிறார்கள். வேறு இடங்களைச் சொல்லும் ஆய்வாளர்களும் உண்டு. ஆண்டில் ஒரு நாள், சித்ரா பௌர்ணமியன்று மட்டும், பளியன்குடிப் பாதையில் நடந்தும் குமுளி வழியாக ஜீப்பிலும் கூட்டம் மேலே போகிறது. அவள் மலையேறிப் போன பிறகு பாண்டிய நாட்டுக்கு என்ன நேர்ந்தது என்பது அந்தக் கூட்டத்தில் பலருக்கும் தெரிந்திராது. மழை பொய்த்தது, வறுமை வந்தது, காய்ச்சலும் கொப்புள நோயும் விடாமல் தொடர்ந்தன. கொற்கையில் இருந்த வெற்றிவேற் செழியன் பொற்கொல்லர் ஆயிரம் பேரைக் கொன்று, கண்ணகிக்குப் பலியிட்டு விழா எடுத்தான். மழை பெய்தது, நோய் நீங்கியது. நூலின் தொடக்கத்தில் உள்ள உரைபெறு கட்டுரை இதைச் சில வரிகளில் சொல்லி முடித்துவிட்டு, அடுத்த நாட்டில் நடந்த விழாவுக்குப் போய்விடுகிறது.

அந்தக் கட்டுரை பிற்காலச் சேர்க்கை, அதை வைத்து வாதாடக் கூடாது என்று சொல்வார்கள். இருக்கலாம். ஆனால் வஞ்சிக் காண்டத்து நீர்ப்படைக் காதையிலும் இதே செய்தி வருகிறது. ஒரே பகலில் ஆயிரம் உயிர் என்ற கணக்கோடு வருகிறது. ஆகவே இது ஓரத்தில் யாரோ எழுதிவைத்த குறிப்பு இல்லை. கதையின் உள்நியாயத்தோடு வைத்துப் பார்த்தால் இந்தப் பலி இன்னும் கொடுமையானது. சிலம்பைத் திருடிக் கோவலன்மேல் பழி போட்டவன் ஒரே ஒரு பொற்கொல்லன். மதுரையை எரிக்கும்போதுகூட அறவோரையும் பத்தினிப் பெண்களையும் முதியோரையும் குழந்தைகளையும் பசுக்களையும் விட்டுவிடு, தீயவர் பக்கம் மட்டும் போ என்றுதான் கண்ணகி தீக்கடவுளுக்குச் சொன்னாள். பின்னர் வாழ்த்துக் காதையில் தெய்வ வடிவில் தோன்றி, பாண்டியன்மீது குற்றமில்லை, நான் அவன் மகள் என்றே சொல்லிவிடுகிறாள். மன்னித்துவிட்ட தெய்வத்தின் பெயரால், அவள் கேளாத பலியாக, ஒருவன் செய்த தவறுக்கு அவன் தொழிலைச் செய்த ஆயிரம் பேர் செத்திருக்கிறார்கள். தமிழில் எழுதப்படும் கொள்ளைநோய்த் திகில் கதை அச்சத்தை எடுக்க வேண்டிய இடம் இது. பேய் வேறெங்கிருந்தும் வர வேண்டியதில்லை. அச்சத்தில் கிடக்கும் ஒரு நாடு தன் பயத்துக்கு ஒரு சாதியின் உடலைத் தேடி எடுப்பதே போதும்.

பலி கொடுத்ததும் நோய் நீங்கியதே, அப்படியானால் பலி பலித்தது என்றுதானே கதை சொல்கிறது என்று ஒருவர் கேட்கலாம். இதற்குப் பதிலைக் கம்பம் பள்ளத்தாக்கின் அண்மைக்கால வரலாறு தருகிறது. 1896இல் பம்பாயில் இறங்கிய பிளேக் நாடெங்கும் பரவியபோது, சென்னை மாகாணத்தில் அது வேரூன்றித் தங்கிய இடங்களில் இந்தப் பள்ளத்தாக்கும் ஒன்று. ஜார்ஜ், வெப்ஸ்டர் என்ற இரு ஆய்வாளர்கள் இங்கே நடத்திய பிளேக் விசாரணை 1934இல் இந்திய மருத்துவ ஆராய்ச்சி இதழில் வெளிவந்தது. பிளேக் முதலில் எலியின் நோய். வீட்டு எலி செத்து உடல் குளிர்ந்ததும் அதன்மேல் இருந்த தெள்ளுப்பூச்சி இறங்கி வேறு இரத்தம் தேடுகிறது. அதன் இரைப்பை வாயில் கிருமிகள் பெருகி அடைத்துக்கொள்வதால், உறிஞ்சிய இரத்தம் உள்ளே போகாமல் கடித்த இடத்துக்கே கிருமியோடு திரும்பி வருகிறது. பசி அடங்காத பூச்சி மறுபடியும் மறுபடியும் கடிக்கிறது. கடிபட்டவருக்குக் காய்ச்சல் கொதித்து, கவட்டிலோ அக்குளிலோ நெறி கட்டி, சில நாளில் உயிர் போகும். இந்தச் சங்கிலிக்குப் பருவம் உண்டு. குளிர்ந்த மாதங்களில் ஏறும். கடும் வெயிலில் பூச்சி பிழைக்காது, எலிகளும் ஏற்கெனவே பெரும்பகுதி செத்திருக்கும், நோய் தானாக இறங்கும். கொள்ளைநோய்கள் பெரும்பாலும் இப்படி ஒரு கட்டத்தில் தாமே தணிபவை. உச்சத்தில் ஒரு பலியைக் கொடுத்தால், அதற்குப் பின் வரும் இறக்கம் முழுவதும் பலியின் கணக்கில் எழுதப்பட்டுவிடும். செழியன் நம்பினான் என்பதைவிட, அவன் நம்பிக்கை பலித்ததுபோல் தெரிந்தது என்பதுதான் அச்சுறுத்துவது. அடுத்த முறை நோய் வரும்போது நாட்டுக்கு வழி தெரிந்துவிட்டதே.

காப்பியம் சொல்லும் நோய் பிளேக் அல்ல, அம்மையாகவே இருக்கலாம்; இடைக்காலத் தமிழகத்தில் பிளேக் வந்ததற்கே சான்று போதாது என்பது அடுத்த மறுப்பு. இது நியாயமானது, எழுதுபவர் நோய்க்குப் பெயர் சூட்டாமல் இருப்பதே நல்லது. ஆனால் இடைக்காலத்தில் பெருஞ்சாவு நடந்ததற்குக் கண்ணால் கண்ட சாட்சி உண்டு. 1340களில் மதுரை சுல்தான் கியாசுத்தீன் காலத்தில் இங்கே வந்த இபின் பதூதா, நோயுற்றவர் இரண்டு மூன்று நாளில் செத்துக்கொண்டிருந்த நகரத்தைப் பார்த்திருக்கிறார். நல்ல உடல்நிலையில் இருக்கிறாள் என்று சொல்லி விற்கப்பட்ட அடிமைப் பெண்ணை வாங்குகிறார்; மறுநாள் அவள் இறந்துபோகிறாள். எட்டு வயது மகனோடு தன் வறுமையைச் சொல்லி வந்த ஒரு பெண், அடுத்த நாள் அதே பிள்ளைக்குப் பிணத்துணி கேட்டு வந்து நிற்கிறாள். ஐரோப்பாவின் பெருங்கொள்ளைநோய் தொடங்குவதற்குச் சில ஆண்டுகள் முன்னால், வைகைக் கரையில் நடந்தது இது. இது பிளேக்தானா என்று வரலாற்றாசிரியர்கள் இன்னும் முடிவு செய்யவில்லை. ஒரு நாவலுக்கு அந்த முடிவு தேவையில்லை. பிணத்துணி கேட்டு வந்த அந்தத் தாய் தேவை.

பக்தியைப் புண்படுத்தாமல் இதை எழுத முடியுமா என்ற கேள்விதான் எல்லாவற்றிலும் கனமானது. வீரபாண்டி கௌமாரியம்மன் கோயிலில் சித்திரைத் திருவிழாவின்போது முல்லையாற்றில் குளித்து ஈரத்துணியோடு அக்னிச்சட்டி ஏந்தி வருபவர்களைப் பார்த்தவர் யாரும் தெய்வத்தை அரக்கியாக்கி ஒரு கதை எழுத மாட்டார். அங்கே நேர்த்திக்கடனாகச் செலுத்தும் ஆயிரங்கண் பானையின் உடம்பெல்லாம் துளை. அம்மைப் புண்ணை ஏற்ற உடல்போல அது இருக்கிறது. கோயம்புத்தூரில் பிளேக் வந்தபோது பிளேக் மாரியம்மன் என்றே பெயர் வைத்துக் கோயில் எழுப்பினார்கள். மக்கள் நோயைத் தாயிடம் கொண்டுபோனார்கள். தண்ணீரும் வேப்பிலையும் தீச்சட்டியும் கொடுத்தார்கள், வலியைத் தங்கள் உடம்பிலேயே ஏற்றார்கள். ஊரான் உடம்பைக் கொண்டுபோய்க் கொடுத்தவன் அரசன். இந்த வேறுபாட்டைக் கையில் பிடித்துக்கொண்டால் கதையில் தெய்வத்துக்கு எந்தக் குறையும் வராது. தன் பெயரால் நடக்கும் கொலையை மலைமேலிருந்து பார்க்கும் கண்ணகியைவிடத் துயரமான பாத்திரம் வேறு எது?

இது நமக்கு மட்டும் நேர்ந்த கறையும் இல்லை. 1349 பிப்ரவரி 14 அன்று ஸ்ட்ராஸ்பர்க் நகரத்தில் யூதர்கள் நூற்றுக்கணக்கில் உயிரோடு எரிக்கப்பட்டார்கள். கிணற்றில் நஞ்சு கலந்தார்கள் என்பது குற்றச்சாட்டு. அன்றைக்கு அந்த நகரத்துக்கு நோய் வந்து சேர்ந்திருக்கவே இல்லை. ஐரோப்பியத் திகில் கதைகள் பிசாசுகளின்மேல் காட்டும் ஆர்வத்தில் பாதியையாவது இந்த நாளின்மேல் காட்டியிருக்கலாம் என்பது என் குறை. நம் பக்கத்தில் யு.ஆர்.அனந்தமூர்த்தியின் கன்னட நாவல் ‘சம்ஸ்காரா’ 1965லேயே வழி காட்டிவிட்டது. பிளேக்கில் செத்த ஒருவனை யார் எரிப்பது என்று முடிவாகாமல் பிணம் வீட்டில் கிடக்க, அக்ரகாரத்தில் எலிகள் சாகின்றன, கூரைகளில் கழுகுகள் இறங்குகின்றன. மந்திரமோ மாயமோ இல்லாமலே அந்த நாவல் குலை நடுங்க வைக்கிறது, ஏனென்றால் அழுகுவது பிணம் மட்டுமில்லை என்று அதற்குத் தெரியும். தமிழில் எழுதுபவருக்கு இதைவிடக் கூடுதலாக ஒரு வாய்ப்பு இருக்கிறது. நம் காப்பிய உலகில் தெய்வம் பேசும், நகரத்தின் காவல் தெய்வம் நேரில் வந்து முற்பிறப்புக் கதை சொல்லும், பூதம் சதுக்கத்தில் காவல் நிற்கும். கற்பனைக்கான உரிமையைக் காப்பியமே கொடுத்திருக்கிறது. கதையைக் கொற்கையில், ஆணை வந்து சேர்ந்த காலையில், ஒரு தட்டார் வீட்டில் தொடங்கலாம். ஆயிரம் என்ற எண்ணிக்கை நிறைய வேண்டுமானால் யாரோ தெருத்தெருவாகப் போய்ப் பெயர் எழுதியிருக்க வேண்டும், அண்டை வீட்டார் அடையாளம் காட்டியிருக்க வேண்டும், சிலர் தங்கள் தொழிலையே மறைத்திருக்க வேண்டும். சிலப்பதிகாரம் இதில் எதையும் சொல்லவில்லை. நாவலாசிரியர் எழுத வேண்டிய பகுதி அதுதான்.