கோவா டிரிப்பில் ஒரு கன்னியர் மடம்: உள்ளே எதுவரை போகலாம்?
ஆம்பூர் ஷூ கம்பெனி இளசுகள் லாங் வீக்கெண்டில் கோவா கிளம்பினால் பெரும்பாலும் பீச்சோடு சரி. பழைய கோவாவில் சாந்தா மோனிகா மடத்துக்கும் ஒரு மணி நேரம் ஒதுக்கலாம். 1606-இல் தொடங்கி 1627-இல் கட்டி முடித்தார்கள். 1636-இல் தீப்பிடிக்க, மறுபடி எழுப்பினார்கள்.

1834-இல் போர்ச்சுகல் அரசு துறவற சபைகளைக் கலைத்தது. இங்கே இருந்தவர்கள் சாகும்வரை இருக்கலாம். புதிதாக யாரும் சேரக் கூடாது. கடைசிக் கன்னியர் இறந்தது 1885-இல். ஐம்பது வருஷம் ஆள் குறைந்துகொண்டே வந்த வீடு!

இப்போது அதன் சிற்றாலயத்தில் கிறிஸ்தவக் கலை அருங்காட்சியகம் இருக்கிறது, டிக்கெட் உண்டு. மற்ற பகுதியில் கன்னியர்கள் தங்கிப் படிக்கிறார்கள். அதனால் கைடு வைத்தாலும் எல்லாக் கதவும் திறக்காது. எதையெல்லாம் காட்டுவார்கள் என்று முன்கூட்டியே போன் போட்டுக் கேட்டுக்கோங்க.