காணாத கணினியை நம்புவது எங்ஙனம்?



நாமக்கல் மாவட்டத்துக் கொல்லிமலையிலே பெரக்கரை நாடு என்னும் ஊராட்சி உள்ளது. அவ்வூர் மாணவி ஒருத்தி கல்லூரியில் சேர விண்ணப்பிக்க வேண்டுமாயின், 70 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து கீழே இறங்க வேண்டுவதில்லை. தன் மதிப்பெண்களையும் கடவுச்சொல்லையும் செல்பேசியிலே பதிந்து அனுப்பிவிடலாம். ஆயினும், அச்செய்தி அலைக்கோபுரம், கம்பித்தடம், இடைநிலைக் கணினிகள் எனப் பல கைகள் மாறியே, சர்வர் எனப்படும் கல்லூரிக் கணினியை அடைகின்றது. இடையிலுள்ளோர் அதைப் படியாதிருப்பது எங்ஙனம்? அது சேர்ந்த இடம் உண்மையான இடந்தான் என்று அறிவது எங்ஙனம்? இவ்விரு வினாக்களுக்கும் திறவுகோல்களே விடை.

பழைய மறைமொழி முறைகளில், பூட்டவும் திறக்கவும் ஒரே திறவுகோல்தான் உண்டு. அதை மற்றவருக்கு முன்கூட்டியே இரகசியமாகக் கொடுத்தாக வேண்டும். ஒருபோதும் சந்தியாத இருவர் என் செய்வர்? பிறர் கேட்குமாறு எண்களைப் பரிமாறிக்கொண்டே, இருவர் தமக்கு மட்டும் தெரிந்த திறவுகோல் ஒன்றை ஆக்கிக்கொள்ள இயலும் என்று 1976இல் டிஃபி, ஹெல்மன் என்னும் அறிஞர் இருவர் காட்டினர். 1977இல் ரிவெஸ்ட், ஷமிர், ஏடில்மன் ஆகிய மூவர் இணைத் திறவுகோல் முறை ஒன்றை அமைத்தனர். அதில் ஒன்று ஊரறியத் தரப்படும் பொதுத் திறவுகோல். மற்றொன்று உரியவர் மட்டுமே காக்கும் தனித் திறவுகோல்.

பொதுத் திறவுகோலைக் கொண்டு தனித் திறவுகோலைக் கண்டுபிடித்துவிட முடியாதா எனக் கேட்பீர்கள். 61ஐ 53ஆல் பெருக்கினால் 3233 என உடனே சொல்லிவிடுவீர்கள். 3233ஐ மட்டும் தந்து, இஃது எவ்விரு பகா எண்களின் பெருக்கம் என்றால் சற்றே திணறுவீர்கள். அம்மூவர் முறையில் இன்று வழங்கும் எண்களோ 600 இலக்கங்களுக்கு மேற்பட்டவை. இன்றுள்ள கணினிகளாலும் அவற்றைப் பிரித்தறிய இயலவில்லை.

மாணவியின் செல்பேசி அழைத்ததும், அதுவும் சர்வரும் எண்களைப் பரிமாறி, அவ்வேளைக்கு மட்டும் உரிய திறவுகோல் ஒன்றை ஆக்கிக்கொள்கின்றன. சர்வர் தன் சான்றிதழை நீட்டுகின்றது. அதில் அதன் இணைய முகவரியும் பொதுத் திறவுகோலும் உள்ளன. தொடர்ந்து, தனித் திறவுகோலால் அவ்வுரையாடலுக்கு ஒப்பமிடுகின்றது. பொதுத் திறவுகோலால் அவ்வொப்பத்தைச் சரிபார்க்கலாம். அதைப் போல மற்றொன்று இட முடியாது. இவையெல்லாம் கண்ணிமைக்கும் நேரத்தில் முடிந்த பின்னரே கடவுச்சொல் பூட்டப்பட்டுப் புறப்படுகின்றது.

சான்றிதழை நம்புவது எதனால்? நான் தலைமையாசிரியனாக இருந்தபோது, மாற்றுச் சான்றிதழில் ஒப்பமிட்டு முத்திரை இடுவேன். என்னை அறியாத கல்லூரியும் அதை ஏற்கும். என் பள்ளிக்கு அரசின் அங்கீகாரம் இருந்ததே காரணம். அவ்வாறே, சர்வரின் சான்றிதழுக்குச் சான்றளிப்பு நிறுவனம் ஒன்று ஒப்பமிடுகின்றது. எந்நிறுவனங்களை நம்பலாம் என்னும் பட்டியல் செல்பேசியிலேயே இருக்கின்றது.

ஆகவே, ஒப்பமிடுவோர் தவறினால் கணிதம் காப்பாற்றாது. 2014 ஜூலையில் இஃது நம் நாட்டிலேயே நேர்ந்தது. கூகுளின் முகவரிகள் சிலவற்றுக்கு, அந்நிறுவனத்தின் அனுமதியின்றி, நம் தேசியத் தகவலியல் மையத்திலிருந்து சான்றிதழ்கள் வழங்கப்பட்டிருந்தன. அத்தகைய சான்றிதழை வைத்திருப்பவர் இடைவழியில் நின்று, கூகுளாகவே நடிக்கக்கூடும். விண்டோஸ் கணினிகள் பல அதை நம்பியிருக்கும். ஜூலை 2ஆம் நாள் கூகுள் இதைக் கண்டறிந்தது. மறுநாளே, சான்றளிப்போரைக் கண்காணிக்கும் நம் அரசின் கட்டுப்பாட்டாளர், அம்மையத்தின் இடைநிலைச் சான்றிதழ்களை இரத்துச் செய்தார்.

மாணவர்களே, இன்னொன்றையும் நினைவிற் கொள்ளுங்கள். செல்பேசி காட்டும் பூட்டுக்குறி, வழி காக்கப்பட்டது என்றும், முகவரி மெய் என்றும் மட்டுமே கூறும். அம்முகவரிக்குரியவர் நல்லவர் என்று கூறுவதில்லை. உதவித்தொகை தருவதாக ஏய்ப்பவனும் தன் முகவரிக்கு முறையான சான்றிதழ் பெற்றுவிடலாம். எனவே, கடவுச்சொல்லை இடுமுன் முகவரியை எழுத்தெழுத்தாகப் படியுங்கள். திறவுகோல்கள் தம் கடமையைச் செய்யும். அந்த ஒரு கடமை மட்டும் உங்களுடையது.