தன்வந்திரி நகரில் ஓர் அமுதக் கலசம்

சரவணப் பொய்கையில் தோன்றிய முருகப் பெருமானுக்குப் பாலூட்டியவர்கள் கார்த்திகைப் பெண்டிர் அறுவர். கார்த்திகேயன் என்னும் திருநாமம் அதனால் வந்தது. பெற்றவள் அல்லாத பிறிதொருத்தியின் பால் குழந்தைக்கு ஆகுமா என்று மருத்துவமனையில் தயங்கி நிற்கும் பெரியவர்களும் கந்தபுராணம் கேட்டு வளர்ந்தவர்களே.

புதுச்சேரி கோரிமேட்டுப் பகுதியில், தன்வந்திரி நகரில் அமைந்துள்ளது ஜிப்மர் மருத்துவமனை. 1823-இல் பிரெஞ்சுக்காரர் தொடங்கிய மருத்துவப் பள்ளியே அதற்கு வித்து. பாற்கடலிலிருந்து அமுதக் கலசம் ஏந்தி எழுந்தருளியவரின் பெயர் தாங்கிய அவ்விடத்தில், 2016 முதல் ‘அமுதம் தாய்ப்பால் மையம்’ இயங்கி வருகிறது. ஆங்கிலத்தில் சுருக்கினால் ஏ.டி.எம். என்று வரும். வட்டியும் இல்லை, திருப்பிச் செலுத்தும் கெடுவும் இல்லை!

இந்த அமுதம் பெரிதும் குறைமாதக் குழந்தைகளுக்கு உரியது. கரு உருவான நான்கு வாரங்களுக்குள்ளாகவே மூளைக்கும் தண்டுவடத்திற்கும் மூலமான நரம்புக்குழல் மூடிக்கொள்கிறது. ஆறாம் மாத அளவில் செவி ஒலியை உணரத் தொடங்குகிறது. தாயின் வயிற்றிலேயே நாரதரின் உபதேசம் கேட்ட பிரகலாதனை நினைவூட்டும் செய்தி இது. வளைகாப்பின் வளையோசையைக் கேட்கவும் உள்ளே ஒரு செவி இருக்கிறது. ஆயினும் மூளை மிக விரைந்து வளர்வது கடைசி மூன்று மாதங்களில்தான். வழவழப்பான மேற்பரப்பு மடிப்பு மடிப்பாகச் சுருள்வதும் அப்போதே. 35 வாரங்களில் அதன் எடை, நிறைமாத எடையில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கே. முன்கூட்டியே பிறந்துவிட்ட குழந்தையின் மூளை, கருவறையில் முடிக்க வேண்டிய பணியை வெளியே முடித்தாக வேண்டும்.

அதற்குத் தாய்ப்பாலுக்கு நிகர் வேறில்லை. மாவுப்பால் ஊட்டப்படும் குறைமாதக் குழந்தைகளுக்குக் குடல் அழுகும் கொடிய நோய் வரும் வாய்ப்பு மிகுதி. அதிலிருந்து பிழைத்த குழந்தைகள் சிலருக்கு மூளை வளர்ச்சியும் பின்தங்குகிறது. முன்னரே பிரசவித்த அன்னைக்கோ முதல் சில நாள்களில் பால் போதிய அளவு சுரப்பதில்லை. அந்த இடைவெளியை நிரப்புவதே தாய்ப்பால் வங்கி. ஆசியாவில் முதன்முதலாக 1989-இல் மும்பை சயான் மருத்துவமனையில் டாக்டர் அர்மிடா பெர்னாண்டஸ் இதனைத் தொடங்கினார்.

தம் குழந்தைக்குப் போக மிஞ்சிய பாலையே தாய்மார் வழங்குகின்றனர். எய்ட்ஸ், மஞ்சள் காமாலை முதலிய தொற்றுகள் இல்லை என்று இரத்தப் பரிசோதனையில் உறுதி செய்த பின்னரே ஏற்கிறார்கள். பாலை 62.5 டிகிரி வெப்பத்தில் 30 நிமிடங்கள் வைத்து, குளிர்வித்து, கிருமி இல்லை எனக் கண்டபின் உறைநிலையில் காக்கிறார்கள். ஒரு வேளைக்குச் சில மில்லிலிட்டரே அச்சிசுவுக்குத் தேவை. பெற்றவளுக்குச் சுரக்கத் தொடங்கியதும் அவள் பாலுக்கே முதலிடம்.

இங்கே பெரியோர் செவிமடுக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. பிறந்தவுடன் தேனையோ சர்க்கரைத் தண்ணீரையோ நாவில் தடவும் ‘சேனை’ வழக்கம் பல இல்லங்களில் இன்னும் மறையவில்லை. பாசத்தால் செய்வதே, எனினும் விலக்க வேண்டியது. ஓராண்டு நிறையாத குழந்தைக்குத் தேன், நரம்புகளைச் செயலிழக்கச் செய்யும் நச்சுக்கு வழி திறக்கலாம். சீம்பாலைக் கெட்டபால் என்று பீய்ச்சிக் கொட்டுவதோ, கைக்கு வந்த அமுதத்தை மண்ணில் ஊற்றுவது போன்றது. குழந்தைக்குக் கிடைக்கும் முதல் நோய்த் தடுப்பு அதுவே.

மூத்தோர் தாமே ஏற்கத்தக்க தொண்டும் உண்டு. எடை குறைந்த குழந்தையை வெற்று மார்பில் அணைத்துக் காக்கும் கங்காரு முறையைப் பல மருத்துவமனைகள் கற்றுத் தருகின்றன. உடற்சூடு நிலைக்கிறது, சுவாசம் சீராகிறது, உறக்கம் ஆழமாகிறது. தாய் நீராடி உண்டு வரும் வரையில் தந்தையோ பாட்டியோ அணைத்துக்கொள்ளலாம். மேல் துண்டை எடுத்துவிட்டுச் சாய்வு நாற்காலியில் அமரும் தாத்தாவின் மார்பும் அக்குழந்தைக்குப் போதும்.