அப்பாவின் மனுவும் மகளின் பதிலும்

'என் மகளைக் காணவில்லை. அவளை மீட்டுத் தாருங்கள்!'

உயர் நீதிமன்றங்களுக்கு வரும் ஆட்கொணர்வு மனுக்களில் இந்த ரகம் நிறைய உண்டு. போலீஸ் தேடி அழைத்துவந்தால், மகள் புதுத் தாலியோடு நிற்பாள். 'நான் காணாமல் போகவில்லை. பிடித்தவரைக் கல்யாணம் செய்துகொண்டேன்' என்பாள். அழுதுகொண்டு நிற்கும் அம்மாவைப் பார்க்க யாருக்கும் மனசு கரையும். ஆனால், நீதிபதிகள் அந்தப் பெண்ணிடம் கேட்டாக வேண்டிய கேள்வி வேறு: 'உங்களை யாராவது அடைத்து வைத்திருக்கிறார்களா?'

ஹேபியஸ் கார்பஸ் எனப்படும் இந்த மனு பிறந்ததே அதற்காகத்தான். சட்டவிரோதமாகப் பிடித்து வைக்கப்பட்டிருக்கும் ஒருவரை நீதிமன்றத்தில் நிறுத்தச் சொல்லும் ஆயுதம் இது. எமர்ஜென்சியின்போது கோழிக்கோடு பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீஸ் பிடித்துப்போனது. 1977-ல் கேரள உயர் நீதிமன்றத்தில் அவர் அப்பா ஈச்சர வாரியர் போட்டது இதே மனுவைத்தான். மகன் திரும்பவே இல்லை. ஆனால், அந்த வழக்கால் முதல்வர் கருணாகரன் பதவி விலக நேர்ந்தது.

சுமார் 40 ஆண்டுகள் கழித்து, அதே நீதிமன்றத்தில் இன்னொரு அப்பா இந்த மனுவோடு நின்றார். அவர் மகள் சேலத்தில் ஹோமியோபதி படித்தவர். இஸ்லாத்துக்கு மாறி ஹாதியா என்று பெயர் வைத்துக்கொண்டார். மகளை வெளிநாட்டுக்குக் கடத்திவிடுவார்களோ என்பது அப்பாவின் பயம். அந்தப் பயத்தைப் பொய் என்று சொல்லிவிட முடியாது. வழக்கு நடக்கும்போதே, 2016 டிசம்பரில் ஹாதியா திருமணம் செய்துகொண்டார்.

2017 மே 24 அன்று அந்தத் திருமணமே செல்லாது என்றது உயர் நீதிமன்றம். 24 வயதுப் பெண் பலவீனமானவர், பெற்றோர் பங்கில்லாமல் இப்படியொரு முடிவை எடுக்கக் கூடாது என்பது அதன் பார்வை. ஹாதியா பெற்றோர் வீட்டுக்கு அனுப்பப்பட்டார். அங்கே போலீஸ் காவலில் சுமார் ஆறு மாதம். அடைபட்டவரை விடுவிக்க வேண்டிய மனுவே ஒருவரை அடைத்துவைத்த விநோதம் இது!

அந்த நவம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றத்தில், என்ன வேண்டும் என்று நீதிபதிகள் கேட்டபோது, சுதந்திரம் வேண்டும் என்றார் ஹாதியா. படிப்பை முடிக்க அவரைச் சேலத்துக்கே அனுப்பினார்கள். கணவரே கார்டியனாக இருக்கட்டும் என்று அவர் சொன்னபோது, கணவர் மனைவிக்குக் கார்டியன் அல்ல என்று நீதிபதி சந்திரசூட் குறுக்கிட்டது சுவாரஸ்யம். பெண்ணை அப்பா கையிலிருந்து கணவர் கைக்கு மாற்றுவதும் நீதிமன்றத்தின் வேலை இல்லைதானே!

2018 மார்ச் 8 அன்று அந்தத் திருமணம் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆட்கொணர்வு மனுவை வைத்து ஒரு திருமணத்தை ரத்து செய்ய முடியாது என்றும் தெளிவுபடுத்தியது. அடுத்த மாதமே இன்னொரு கேரள ஜோடியின் வழக்கு. மணமகனுக்கு 21 வயது நிரம்பவில்லை. இருந்தாலும் இருவரும் 18 வயதைக் கடந்தவர்கள், விரும்பினால் சேர்ந்து வாழலாம் என்றது உச்ச நீதிமன்றம்.

இத்தகைய வழக்குகளில் முதலில் பார்க்கப்படுவது பிறப்புச் சான்றிதழ் அல்லது பள்ளிச் சான்றிதழ். 18 நிரம்பாவிட்டால் கதையே வேறு. நிரம்பியிருந்தால், அவர் சொல்வதுதான் கணக்கு. மனைவியை அவர் பெற்றோர் அடைத்து வைத்திருந்தால், கணவரும் இதே மனுவைப் போடலாம்.

வீட்டார் முறைக்க, சொந்தபந்தம் சூழ நிற்கும்போது எந்தப் பெண்ணால் மனம் திறந்து பேச முடியும்? 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் இதற்கு வழிகாட்டுதல் தந்தது. அழைத்து வரப்பட்டவரிடம் நீதிபதிகள் தனியாகப் பேச வேண்டும். கவுன்சலிங் என்ற பெயரில் அவர் மனதை மாற்றப் பார்க்கக் கூடாது.

2023 டிசம்பரில் ஹாதியாவின் அப்பா மறுபடியும் ஆட்கொணர்வு மனு போட்டார். தன்னை யாரும் அடைத்து வைக்கவில்லை என்று மகள் தெரிவித்திருந்தார். உயர் நீதிமன்றம் மனுவை முடித்துவைத்தது.